பட்டாளத்துக் காயமும் மாதப் பணமும்

படையில் சேர்ந்து உடல் கெட்டுத் திரும்பியவருக்கு அரசு மாதந்தோறும் கொடுக்கும் தொகை ஊன ஓய்வூதியம். கள்ளக்குறிச்சிப் பக்கத்து முன்னாள் படைவீரர்கள் அதை ‘டிசபிலிட்டி பென்ஷன்’ என்றே சொல்கிறார்கள். தொகையை இரண்டு கேள்விகள் தீர்மானிக்கின்றன: உடல் எவ்வளவு கெட்டது, கெட்டதற்குப் பட்டாளம் காரணமா? முதல் கேள்விக்கு நூறு ஆண்டுகளாக அட்டவணை இருக்கிறது. வழக்குகள் பெரும்பாலும் இரண்டாவதில்தான் எழுகின்றன.

பணமாகக் கொடுக்கும் வழக்கத்துக்கு முன்பு ஈடு நிலமாகவே வந்தது. கல்வராயன் மலைக்கு வடக்கே செங்கம் வட்டாரத்தில் பல்லவர் காலம் முதலான நடுகற்கள் நிற்கின்றன. தமிழ்நாடு தொல்லியல் துறை 1972இல் அவற்றைத் தொகுத்து நூலாக்கியது. பெரும்பாலான கற்கள் ஆநிரை கவர்ந்த பூசலிலோ மீட்ட பூசலிலோ இறந்தவர்களுக்கானவை. இப்படி ஊருக்காக இறந்தவனின் வாரிசுக்கு விட்ட நிலத்தை உதிரப்பட்டி எனத் தமிழ்க் கல்வெட்டுகள் குறிக்கின்றன. கல்லும் நிலமும் இறந்தவனைச் சார்ந்தவை. கையிழந்து பிழைத்து வந்தவனுக்கு ஊர் என்ன செய்தது என்பதை நடுகற்கள் சொல்வதில்லை; நடுகல் மரபில் அவனுக்கு இடமில்லை.

கூலிக்கு ஆள் சேர்த்த கிழக்கிந்தியக் கும்பினிப் படைகள் வந்த பிறகு நிலைமை மாறியது. கள்ளக்குறிச்சிக்கு அருகிலுள்ள தியாகதுருகம் மலைக்கோட்டை கர்நாடகப் போர்களில் கைமாறிக்கொண்டே இருந்தது. 1761இல் பாண்டிச்சேரி வீழ்ந்ததை ஒட்டி அது பிரெஞ்சுக்காரரிடமிருந்து ஆங்கிலேயரிடம் வந்தது. 1790இன் இறுதியில் திப்பு சுல்தானின் படை முற்றுகையிட்டபோது, வந்தவாசியைக் காத்துப் பெயர் பெற்ற கேப்டன் பிளின்ட் அதைக் காத்து நின்றார். இப்படிப்பட்ட முற்றுகைகளில் கோட்டைக்கு உள்ளும் வெளியும் அடிபட்டவர்களில் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்கள். கும்பினி ஏற்பாடு செய்த முதல் பெரிய நிவாரண நிதியோ அவர்களுக்கானதாக இல்லை. வங்காள நவாப் மீர் ஜாபர் ராபர்ட் கிளைவுக்கு எழுதி வைத்த 5 லட்சம் ரூபாயை மூலதனமாகக் கொண்டு 1770இல் கிளைவ் நிதி தொடங்கப்பட்டது. காயத்தாலோ நோயாலோ பணி செய்ய முடியாமற்போன ஐரோப்பிய அதிகாரிகளும் படைவீரர்களும் அவர்களுடைய விதவைகளும் அதில் பயன் பெற்றார்கள். இந்திய நவாபின் சொத்திலிருந்து பிறந்த நிதியில் இந்தியச் சிப்பாய்க்குப் பங்கு இல்லை.

சிப்பாய்களுக்கு வேறு ஏற்பாடு இருந்தது. ஓடியாடிப் போர் புரிய முடியாதவர்களை மதராஸ் படை ‘வெட்டரன் பட்டாலியன்’களில் வைத்துக் காவல் வேலை கொடுத்தது. அதற்கும் ஆகாதவர்களுக்கு மாதப் பென்ஷன். போரில் இறந்தவரின் வாரிசுக்குக் குடும்பப் பென்ஷன் உண்டு. சிப்பாய்களின் பிள்ளைகளைச் சிறுவயதிலேயே படைப் பட்டியலில் சேர்த்துக் குறைந்த சம்பளம் கொடுத்த வழக்கமும் இருந்தது. இதைக் கருணை என்று மட்டும் கொள்ள முடியாது. பர்மாவுக்கும் சீனாவுக்கும் கப்பலேற வேண்டிய சிப்பாய், தான் திரும்பாவிட்டால் வீட்டில் அடுப்பு எரியும் என்று நம்பினால்தான் கப்பலேறுவான். ஆள் சேர்க்கும் செலவின் ஒரு பகுதியே இந்தப் பென்ஷன்.

அக்காலத்துப் பென்ஷன் பதவியைப் பார்த்தது. காயத்தின் அளவை நுட்பமாகப் பிரித்துப் பார்க்கவில்லை. பணத்தை எண்ணிக் கொடுத்தது அரசுக் கருவூலம். கையில் பணம் வந்த இடத்திலேயே கடன்காரனும் நின்றான். 1871ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டம் இதற்கு ஒரு தடுப்பு வைத்தது: கடந்த காலச் சேவைக்காகவோ தற்போதைய உடல் நலிவுக்காகவோ அரசு கொடுக்கும் ஓய்வூதியத்தைக் கடனுக்காக ஜப்தி செய்ய முடியாது, வரப்போகும் பென்ஷனை முன்கூட்டியே எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. இச்சட்டத்தின் பாதுகாப்பு இன்றும் தொடர்கிறது.

19ஆம் நூற்றாண்டின் கடைசியில் பஞ்சாபியர், கூர்க்காக்கள் போன்றோரே போர்க்குலத்தார் என்ற கொள்கை தலைதூக்கியது. அதனால் மதராஸ் காலாட்படைகள் ஒவ்வொன்றாகக் கலைக்கப்பட்டன. 1928இல் மிச்சமிருந்ததும் போய்விட்டது. பொறியியல் பணி செய்யும் சாப்பர் பிரிவுதான் தமிழருக்கு நிலைத்தது. ஒரு வட்டாரத்தில் எத்தனை பேர் பென்ஷன் வாங்குகிறார்கள் என்பதைப் போர்கள் மட்டுமல்ல, எந்தச் சாதியார், எந்தப் பகுதியார் சண்டைக்கு ஏற்றவர் என்று சிம்லாவில் இருந்த ஆங்கிலேய அதிகாரிகள் நினைத்ததும் தீர்மானித்தது.

முதல் உலகப் போர் கணக்கு முறையையே மாற்றிவிட்டது. லட்சக்கணக்கில் உறுப்பிழந்தோர் திரும்பியபோது பிரிட்டன் ஒவ்வோர் இழப்புக்கும் உரிய சதவீதத்தை வகுத்தது. இரண்டு கை அல்லது இரண்டு கால் போனால் 100. மற்றவை அதற்கேற்ப இறங்கும். இதே சிந்தனையில் பிறந்ததுதான் இந்தியாவின் 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம். அதன் பிற்கால அட்டவணையில் ஒரு கையின் கட்டைவிரலுக்கு 30 சதவீதம், நான்கு விரல்களுக்கு 50 சதவீதம். ராணுவ விதிகளும் சதவீதத்துக்கு மாறின. ஆனால் எதன் மேல் சதவீதம் என்பதுதான் முக்கியம். அப்போரின்போது இந்தியக் காலாட்படைச் சிப்பாயின் மாதச் சம்பளம் 11 ரூபாய். பணம் போதாது என்பதை அரசும் உணர்ந்திருக்க வேண்டும்; ஊனமுற்ற இந்தியச் சிப்பாய்களுக்குக் கைத்தொழில் கற்பிக்க 1917இல் குவீன் மேரி தொழிற்பள்ளி தொடங்கப்பட்டது. பின்னர் அது புனேயை அடுத்த கட்கிக்கு இடம்பெயர்ந்தது. செயற்கைக் கை கால் பொருத்தும் மையம் 1944இல் புனேயில் வந்தது.

இரண்டாம் உலகப் போரில் மதராஸ் ரெஜிமென்ட் மறுபடி எழுப்பப்பட்டது. தமிழ்நாட்டுக் கிராமங்களில் பட்டாளத்துக்காரர் வீடு என்று அடையாளம் சொல்லும் அளவுக்கு ஆட்கள் மீண்டும் சேர்ந்தார்கள். அப்போது கள்ளக்குறிச்சி தென்னார்க்காடு மாவட்டத்தின் ஒரு தாலுகா. தலைநகரான கடலூர் நூறு கிலோமீட்டருக்கு அப்பால். 1993இல் விழுப்புரம் மாவட்டம் பிரிந்தபோது தூரம் குறைந்தது; கள்ளக்குறிச்சியே தனி மாவட்டமானது 2019 நவம்பரில்தான். கல்வராயன் மலைக் கிராமத்துக்காரருக்கு இந்தத் தூரம் இன்னும் ஒரு படி அதிகம். 1976 வரை ஜாகிர்தார்களின் பிடியில் இருந்த மலை அது. பென்ஷன் விதிகளில் பயணத்துக்கு இடமில்லை என்றாலும், ஊனமுற்ற ஒருவர் ஆண்டுதோறும் தாம் உயிரோடிருப்பதை நிரூபிக்கக் காகிதத்துடன் கீழே இறங்கி வர வேண்டியிருந்ததையும் ஒரு செலவாகவே கொள்ள வேண்டும். 2014இல் வந்த மின்னணு வாழ்நாள் சான்றும், பின்னர் வந்த ‘ஸ்பர்ஷ்’ இணைய ஏற்பாடும் பயணத்தைக் குறைத்துள்ளன. விரல் ரேகை பதியாத கைகளுக்கும் சிக்னல் எட்டாத ஊர்களுக்கும் புதிய தொல்லையையும் தந்துள்ளன.

சுதந்திரத்துக்குப் பிந்தைய அடிப்படை நூல் 1961ஆம் ஆண்டின் ராணுவ ஓய்வூதிய விதிகள். பணியால் நேர்ந்த அல்லது பணியால் முற்றிய ஊனம், குறைந்தது 20 சதவீதம் என்று மெடிக்கல் போர்டு மதிப்பிட்டால் பென்ஷன் உண்டு. தொகை இரு கூறுகளைக் கொண்டது: பணிக்கான கூறு, ஊனத்துக்கான கூறு. 2001இல் பாதுகாப்பு அமைச்சகம் காரணங்களை ஐந்து வகையாகப் பிரித்தது. பணியோடு தொடர்பற்ற நோய் முதல் வகை. பணியால் வந்த நோய், பணியின்போது நேர்ந்த விபத்து, பயங்கரவாதிகள் போன்றோரின் வன்முறை, போர் என்று வரிசை ஏறும். போர்க்காயத்துக்கே தொகை மிக அதிகம். 1996 முதல் இன்னொரு சலுகையும் சேர்ந்தது. பணியிலிருந்து நோய் அல்லது காயம் காரணமாக அனுப்பப்பட்டவரின் ஊனம் 50க்குக் கீழே இருந்தால் 50 என்றும், 50 முதல் 75 வரை 75 என்றும், அதற்கு மேல் 100 என்றும் கொள்ளப்படும். மருத்துவர்களின் மதிப்பீடு ஆளுக்கு ஆள் மாறும் என்பதால் வந்த சலுகை இது.

2016 ஊதிய விகிதத்தில் நாயக் பதவியிலுள்ள ஒருவரை எடுத்துக்கொண்டால் கணக்கு விளங்கும். அடிப்படைச் சம்பளம் 30,500 ரூபாய், ராணுவப் பணி ஊதியம் 5,200, சேர்த்து 35,700. பணிக்கூறு இதில் பாதி, 17,850. ஊனக்கூறு 100 சதவீத ஊனத்துக்குச் சம்பளத்தின் 30 சதவீதம், அதாவது 10,710. போர்டு 40 சதவீதம் என்று எழுதினால் 50 என்று கொண்டு 5,355. ஆக மாதம் 23,205 ரூபாய். அதற்கு மேல் அகவிலைப்படி. இதே காயம் எல்லைப் போரில் பட்டிருந்தால் ஊனக்கூறுக்குப் பதில் போர்க்காயக்கூறு வரும். அது 100 சதவீத ஊனத்துக்கு முழுச் சம்பளம், 50க்குப் பாதி. மொத்தம் 35,700, கடைசியாக வாங்கிய சம்பளத்துக்குச் சமம். ஊனம் பணியால் வந்ததல்ல என்று போர்டு எழுதிவிட்டாலோ ஊனக்கூறே இல்லை. ஒரே காயம், ஒரே 40 சதவீதம். காரணம் எழுதும் கட்டத்தில் வரும் ஒரு வரியில் மாதம் ஆயிரக்கணக்கில் ஏறி இறங்குகிறது.

ஊனக்கூறைச் சம்பளத்தோடு கட்டியது எல்லாக் காலத்திலும் இருந்த முறையல்ல. 1996இல் 100 சதவீத ஊனத்துக்கு அதிகாரிக்கு 2,600, ஜே.சி.ஓ. எனும் இளநிலை அதிகாரிக்கு 1,900, சிப்பாய்க்கு 1,550 ரூபாய் என்ற நிலைத்தொகை. 2006இல் 30 சதவீத முறை வந்தது. 7ஆவது ஊதியக் குழு மறுபடி நிலைத்தொகையைப் பரிந்துரைத்தது: 27,000, 17,000, 12,000. முன்னாள் படைவீரர்களின் எதிர்ப்புக்குப் பின் 2017இல் அரசு சதவீத முறையையே தக்க வைத்தது. எதிர்ப்புக்கு நியாயம் உண்டு. சிவில் ஊழியருக்குச் சதவீதமும் படையினருக்கு நிலைத்தொகையும் என்றால் யாரும் கேட்கத்தான் செய்வார்கள். ஆனால் மேலே சொன்ன நாயக்குக்கு நிலைத்தொகை 12,000, சதவீதம் 10,710. சதவீதம் யாருக்கு லாபம் என்பது பதவி ஏற ஏறத்தான் தெரியும்.

குடும்பம் இந்தக் கணக்கில் நுழைவது வீரர் இறந்த பிறகுதான். சாதாரண மரணத்தில் மனைவிக்குக் கடைசிச் சம்பளத்தின் 30 சதவீதம். பணியில் இருக்கையில் இறந்தால் முதல் பத்து ஆண்டுக்கு 50 சதவீதம். பணியால் நேர்ந்த மரணத்தில் சிறப்புக் குடும்ப ஓய்வூதியம் 60 சதவீதம். போரில் இறந்தவரின் மனைவிக்கு முழுச் சம்பளம். தாராளமாக்கப்பட்ட இந்த முறை 1971 போரை அடுத்து 1972இல் வந்தது. உயிரோடிருக்கும் ஊனமுற்றவருக்கு எத்தனை பிள்ளைகள் இருந்தாலும் ஊனக்கூறு ஒரு ரூபாய் கூடாது. அமெரிக்காவில் பதவி, குடும்பம் இரண்டிலுமே முறை தலைகீழ். 1862ஆம் ஆண்டுச் சட்டத்தில் அங்கும் பதவிக்கேற்ற தொகைதான். 1917இல் பதவி விலகி, குடும்ப அளவு உள்ளே வந்தது. இன்றும் அங்கே சிப்பாய்க்கும் ஜெனரலுக்கும் ஒரே சதவீதத்துக்கு ஒரே தொகை. 30 சதவீதம் முதல் மனைவி, பிள்ளை, சார்ந்திருக்கும் பெற்றோருக்குக் கூடுதல் உண்டு. இந்தியாவில் அதற்கு அருகில் வருவது 100 சதவீத ஊனமுற்று, எப்போதும் உடனிருந்து பார்த்துக்கொள்ள ஆள் தேவைப்படுபவருக்கான உதவியாளர் படி. அது 2017இல் மாதம் 6,750 ரூபாயானது. வீடுகளில் அந்த உதவியாளர் பெரும்பாலும் மனைவிதான்.

காரணம் பற்றிய சண்டையில் திருப்பம் தந்தது தரம்வீர் சிங் வழக்கு. ஏறத்தாழ 9 ஆண்டுப் பணிக்குப் பின் வலிப்பு நோயால் அனுப்பப்பட்ட அவருக்கு, நோய் உடல்வாகில் இருந்தது என்று சொல்லிப் பென்ஷன் மறுக்கப்பட்டது. சேரும்போது மருத்துவச் சோதனையில் குறிக்கப்படாத நோய் பின்னர் வந்தால் அது பணியால் வந்ததாகவே கொள்ள வேண்டும், இல்லையென்று நிரூபிப்பது அரசின் பொறுப்பு என்று உச்ச நீதிமன்றம் 2013 ஜூலையில் தீர்ப்பளித்தது. முழுப் பணிக்காலம் முடித்து ஓய்வு பெற்றவர்களுக்கும் 50, 75, 100 என்று உயர்த்தும் சலுகை உண்டென்று 2014 டிசம்பரில் ராம் அவ்தார் வழக்கில் முடிவானது. தமிழ்நாட்டவர் இத்தகைய முறையீடுகளைக் கொண்டு செல்வது ஆயுதப் படைத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்கு. அத்தீர்ப்பாயம் 2009இல்தான் செயல்படத் தொடங்கியது. அதற்கு முன் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வேண்டியிருந்தது.

தீர்ப்புகளால் செலவு கூடியதும் அரசு வேறு வழிகளில் இறுக்கியது. ஊன ஓய்வூதியத்துக்கு 1922 முதல் வருமான வரி விலக்கு இருந்தது. முழுக் காலம் முடித்து ஓய்வு பெற்றவர்களுக்கு அது பொருந்தாது என்று 2019 ஜூனில் ஒரு சுற்றறிக்கை வந்தது. அது உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 2023 செப்டம்பரில் புதிய தகுதி விதிகள் வந்தன.

2022இல் தொடங்கிய அக்னிபத் படைச்சேர்ப்புத் திட்டத்தில் நான்கு ஆண்டுப் பணிக்குப் பென்ஷன் கிடையாது. அதில் சேர்ந்து பணியால் ஊனமுற்ற அக்னிவீரருக்கு 100 சதவீதத்துக்கு 44 லட்சம், 75க்கு 25 லட்சம், 50க்கு 15 லட்சம் ரூபாய் ஒரே தவணையாகக் கிடைக்கும். மீதிப் பணிக்காலத்துச் சம்பளமும், பணி முடிவில் தரும் சேவா நிதியும் உடன் வரும். மெடிக்கல் போர்டும் சதவீதமும் காரணம் பற்றிய கேள்வியும் அப்படியே இருக்கின்றன. மாதக் கணக்கு மட்டும் இல்லை.