கைதி கண்ட குசினி

சரித்திரம் என்றதும் போர்களும் முடிசூட்டு விழாக்களுமே நம் நினைவுக்கு வருகின்றன. அக்காலத்துக் குடிமக்கள் எதில் சமைத்தார்கள், எதில் படுத்தார்கள் என்று கேட்டால் வம்ச சரித்திரங்கள் பெரும்பாலும் மௌனம் சாதிக்கின்றன. கண்டி இராச்சியத்தைப் பொறுத்தவரை அந்த மௌனத்தைக் கலைத்தவர் ஓர் ஆங்கிலேயக் கைதி.

றொபேட் நொக்ஸ் 1660இல் திருகோணமலைப் பக்கத்துக் கொட்டியாரத்தில் இரண்டாம் இராசசிங்க மன்னனின் ஆட்களிடம் அகப்பட்டார். ஏறத்தாழ 19 ஆண்டுகள் மலைநாட்டுக் கிராமங்களில் தடுத்து வைக்கப்பட்டிருந்தார். சிறைக்கூடத்தில் அல்ல, ஊருக்குள்ளேதான். தொப்பி பின்னி விற்றும், நெல்லை வட்டிக்குக் கொடுத்தும் சீவித்தார். 1679இல் தப்பி, மன்னார்ப் பகுதியில் அரிப்பிலிருந்த ஒல்லாந்தர் கோட்டையைச் சேர்ந்தார். அவரது நூல் 1681இல் இலண்டனில் வெளியாயிற்று.

அதில் ஒரு கிராமத்து வீட்டின் தட்டுமுட்டுச் சாமான்களை நொக்ஸ் வரிசையாகச் சொல்கிறார். உறியில் தொங்கும் மண்பானைகள், ஒன்றிரண்டு பித்தளை வட்டில்கள், நெல்லுக்குக் கூடைகள், உரல், கருங்காலி உலக்கை, தேங்காய்த் திருவலை, மிளகும் மஞ்சளும் அரைக்கும் அம்மி. மேசை கிடையாது, நிலத்தில் இருந்தே உண்டார்கள். வீட்டாருக்கும் விருந்தினருக்கும் பாயே படுக்கை.

அங்கே இல்லாத பொருட்களும் கவனிக்கத்தக்கவை. மாடி கட்டவும் ஓடு வேயவும் சுவருக்குச் சுண்ணாம்பு பூசவும் குடிமக்களுக்கு அனுமதியில்லை. சிலர் வெள்ளைக் களிமண்ணைப் பூசினார்கள். முதுகு சாய்க்கும் ஆசனம் அரசனுக்கு மட்டுமே உரியது. ஆக, அரச அதிகாரம் கொலுமண்டபத்தோடு நின்றுவிடவில்லை. குடிசைக்குள் புகுந்து, ஒருவன் எப்படி உட்கார வேண்டும் என்பதையும் தீர்மானித்தது.

உள்ளூர்ப் புலவருக்கு உறியும் அம்மியும் எழுதத்தக்க செய்தியாகத் தோன்றியிராது. நாள்தோறும் பார்ப்பது கண்ணிற் படுவதில்லை. அந்நியராக வந்து, அங்கேயே உலை வைத்து வாழ நேர்ந்தவருக்கு எல்லாமே புதிது.

நமக்கும் இதில் ஒரு பாடமுண்டு. 1995 ஒக்ரோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் வீடுவாசலை விட்டுப் பெயர்ந்தார்கள். அம்மியும் ஆட்டுக்கல்லும் சுமந்து செல்லக்கூடியவையா? இடப்பெயர்வின் திகதி ஏடுகளில் இருக்கிறது. விட்டுவந்த குசினியில் எது எங்கே இருந்தது என்பது அதை ஆண்ட பெண்களின் ஞாபகத்தில்தான் இருக்கிறது. அவர்களிற் பலர் மறைந்துவிட்டார்கள். எஞ்சியிருப்போரிடம் கேட்டு எழுதிவைக்க ஒரு கொப்பியும் பேனாவும் போதும். இன்னொரு நொக்ஸ் கடல் கடந்து வரும்வரை நாம் காத்திருக்க வேண்டியதில்லை.