டெல்லி கணேஷ்: பேச்சில் பிறந்த முகங்கள்

குணச்சித்திர நடிகர் என்ற சொல்லைத் தமிழ்த் திரையுலகம் சற்று அலட்சியமாகவே கையாள்கிறது. கதாநாயகனாகவோ வில்லனாகவோ இல்லாத எவருக்கும் அதைச் சூட்டிவிடுகிறோம். அச்சொல்லுக்கு முழுமையாக உரியவர், 2024 நவம்பர் 9 அன்று 80 வயதில் சென்னையில் மறைந்த டெல்லி கணேஷ்.

அன்றைய நெல்லை மாவட்டத்தின் வல்லநாட்டில் 1944இல் பிறந்த கணேசன், 1964 முதல் பத்தாண்டுகள் இந்திய விமானப் படையில் பணியாற்றினார். தலைநகரில் தட்சிண பாரத நாடக சபையின் மேடைகளில் அவர் நடிப்பு உருப்பெற்றது. 'பட்டினப் பிரவேசம்' (1977) படத்தில் அவரை அறிமுகம் செய்த கே. பாலசந்தரே பெயருக்கு முன் டெல்லியையும் சேர்த்தார்.

வடசென்னைக்காரர்கள் அவரை நினைக்க ஒரு தனிக் காரணம் உண்டு. ராயபுரத்திலும் திருவொற்றியூரிலும் எண்ணூரிலும் உழைக்கும் மக்கள் பேசும் சென்னைத் தமிழ், திரையில் பெரும்பாலும் சிரிப்பு மூட்டவே அழைக்கப்பட்டது. பின்னாளில் அடியாட்களின் அடையாளமாகவும் சுருக்கப்பட்டது. துரை இயக்கிய 'பசி' (1979) அந்த வழக்கத்துக்கு விலக்கு. குப்பை பொறுக்கும் குப்பம்மாவின் தந்தையாக, ரிக்‌ஷாக்காரர் முனியாண்டியாக வந்த கணேஷ், அம்மொழியை வேடிக்கை காட்டாமல் பேசினார். இயலாமையும் பாசமும் அதே கொச்சையில் வெளிப்பட்டன. பேசியவரோ தாமிரபரணிக் கரைக்காரர்! ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்தது. கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு.

பதினோரு ஆண்டுகள் கழித்து, 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் சமையற்காரர் மணி ஐயராகப் பாலக்காட்டுத் தமிழ் பேசியபோதும் இதே செவிநுட்பத்தைக் கண்டோம். இந்த இரு வேடங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்கள், உடலையும் ஒப்பனையையும்விடக் குரலையே அவர் முதற்கருவியாகக் கொண்டிருந்தார் என்பதை உணர்வார்கள். 'சிந்து பைரவி'யின் மிருதங்கக் கலைஞர், 'நாயகன்' படத்தில் வேலு நாயக்கரின் நிழலாக நிற்கும் ஐயர், 'அபூர்வ சகோதரர்கள்' படத்தின் வில்லன் நால்வருள் ஒருவர் என்று பட்டியல் நீளும். நடித்த படங்கள் 400க்கும் மேல்.

1981இல் 'எங்கம்மா மகாராணி'யில் கதாநாயகனாகவும் நடித்தார். அந்தப் பாதை தொடரவில்லை. அது நட்டம் என்று நான் கருதவில்லை. நட்டம் வேறொன்று: முனியாண்டி போன்ற வேடங்களைத் திரையுலகம் அவருக்கு மிகச் சிலவே தந்தது. நடுத்தரக் குடும்பத்துத் தந்தை, கணக்குப்பிள்ளை, புலம்பும் ஐயர் என்ற வட்டத்துக்குள்ளேயே அவரை நீண்ட காலம் சுற்றவிட்டது. 1994இல் கலைமாமணி வழங்கப்பட்டது. தேசிய விருது கடைசிவரை வரவில்லை. இறுதி அஞ்சலியின்போது, ஐம்பது ஆண்டுகளுக்கு முன் தம்மிடையே பணியாற்றியவருக்கு விமானப் படையினர் வந்து மரியாதை செலுத்தினர்.