இடமாற்றக் கடிதம் கையில் வந்தால் எந்தக் கதவைத் தட்டுவது?

இடமாற்றத்தை எதிர்த்து வழக்குப் போட முடியுமா என்று உடப்புசல்லாவைப் பக்கத்து ஆசிரியர்கள் என்னிடம் கேட்பதுண்டு. நான் சட்டத்தரணி அல்ல, கலாசாலையில் பயின்ற ஆசிரியர். ஆனாலும் சேவைச் சட்டங்களைப் படித்து வைத்திருப்பதால் சொல்கிறேன்: முடியும். எங்கே, எத்தனை நாளுக்குள் என்பதில்தான் பலர் தவறவிடுகிறார்கள்.

இடமாற்றம் அரச சேவையின் நிபந்தனைகளில் ஒன்று. பஸ் இல்லை, பிள்ளை சிறியது என்பவை மேன்முறையீட்டில் எழுத வேண்டியவை. நீதிமன்றம் பார்ப்பது வேறு. உத்தரவிட்டவருக்கு அதிகாரம் இருந்ததா? விதிமுறை பின்பற்றப்பட்டதா? 'சேவையின் தேவை கருதி' என்ற வாசகத்துக்குள் விசாரணையில்லாத தண்டனை ஒளிந்திருக்கிறதா?

தேசிய பாடசாலை ஆசிரியர் கல்வி அமைச்சின் கீழ் வருகிறார். அரசாங்க சேவை ஆணைக்குழுவும் அதன் அதிகாரம் பெற்றவர்களும் எடுக்கும் முடிவுகளை நீதிமன்றங்கள் விசாரிப்பதை அரசியலமைப்பின் 61அ உறுப்புரை பெரும்பாலும் தடுக்கிறது. ஆணைக்குழுவுக்கான மேன்முறையீடு, நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை, உயர் நீதிமன்றத்தில் 126ஆம் உறுப்புரையின் கீழான அடிப்படை உரிமை மனு ஆகியன திறந்திருக்கும். மாகாணப் பாடசாலை ஆசிரியருக்கோ 154P(4) உறுப்புரையின்படி மாகாண மேல் நீதிமன்றத்தில் ரிட் மனு என்ற வழியும் உண்டு. நம் தோட்டப்புறப் பாடசாலைகளில் பெரும்பாலானவை மாகாணத்துக்குரியவை என்பதால் இதை அறிந்திருப்பது அவசியம்.

அடிப்படை உரிமை மனுவுக்குக் காலம் ஒரு மாதம்தான். அதற்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது என்கிறது 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு. முறைப்பாட்டு ரசீதை மட்டும் காட்டினால் போதாது, விசாரணை நடந்துகொண்டிருப்பதற்கு ஆதாரம் வேண்டும் என்று உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வலயக் கல்வி அலுவலகத்துக்கு நடையாய் நடந்தே அந்த ஒரு மாதத்தைத் தொலைப்பவர்கள் அதிகம்.

திருகோணமலை ஸ்ரீ சண்முகா இந்து மகளிர் கல்லூரி விவகாரத்தை நம்மவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். 2018 ஏப்ரலில் அபாயா சர்ச்சையைத் தொடர்ந்து முஸ்லிம் ஆசிரியைகள் வேறு பாடசாலைக்கு அனுப்பப்பட்டார்கள். மனித உரிமைகள் ஆணைக்குழு அவர்களுக்குச் சாதகமாகப் பரிந்துரைத்தது. ஆனால் பரிந்துரை நீதிமன்றக் கட்டளை அல்லவே. அது நடைமுறைக்கு வரவில்லை. ஓர் ஆசிரியை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு ரிட் மனுவோடு போனார். கல்வி அமைச்சு இணங்கிய பிறகு, 2022 பெப்ரவரி 2ஆம் திகதி அதே பாடசாலைக்குக் கடமையேற்கச் சென்றார். அன்றும் அங்கே அமளி ஏற்பட்டது. கிட்டத்தட்ட நான்கு வருடங்கள்! அத்தனை காலமும் சம்பளம் நிற்காமல் இருக்க வேண்டுமே.

ஆகவே, தடையுத்தரவு கிடைக்கும்வரை புதிய பாடசாலையில் கடமையேற்றுவிடுங்கள். 'எனது உரிமைகளுக்குப் பாதகமின்றி' என்று எழுத்தில் குறிப்பிட்டு, பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டை வைத்துக்கொள்ளுங்கள். போகாமல் வீட்டிலிருந்தால் பதவியை விட்டு விலகியவராகக் கருதி அறிவித்தல் வரலாம். பிறகு இடமாற்ற வழக்கோடு வேலையை மீட்கும் வழக்கும் சேர்ந்துகொள்ளும்.