நிற்காத ஓட்டம்: டெம்பிள் ரன் உருவான வரலாறு

தானாகவே ஓடிக்கொண்டிருக்கும் ஒரு சிறு உருவத்தை, அது எதிலும் மோதி விழாதபடி விரலால் விலக்கிவிட்டுக்கொண்டே இருக்கும் காரியத்தில், இந்த நூற்றாண்டின் இரண்டாம் பத்தாண்டில், தேசம், பாஷை, வயது என்ற பேதமின்றிக் கோடிக்கணக்கான ஜனங்கள் பொழுது போக்கினார்கள். 'எண்ட்லெஸ் ரன்னர்' என்று கணினித் துறையார் வழங்கும் இவ்வகை விளையாட்டுகளில் முதன்முதலாக உலகப் பிரசித்தி அடைந்தது 'டெம்பிள் ரன்'. அதிர்ஷ்டம் அடித்ததால் அது வென்றது என்று சொல்வாரும், யாரோ ஒருவருக்கு ஓர் இரவில் உதித்த யுக்தி அது என்று சொல்வாரும் உளர். அது வெளிவருவதற்கு முந்தைய மூன்று வருஷங்களை நிதானமாகப் புரட்டிப் பார்ப்பவர்க்கு இவ்விரண்டு அபிப்பிராயங்களும் நிலைக்கமாட்டா. ஆட்டக்காரனுடைய கையில் இருந்த அதிகாரங்களை ஒவ்வொன்றாகத் திரும்பப் பெற்றுக்கொண்டதனாலேயே இவ்விளையாட்டு பிறந்தது என்பதும், அப்படிப் பெற்றுக்கொள்ளும் துணிவு தொடுதிரையோடு மல்லுக்கட்டி அலுத்த அனுபவத்தால் வந்தது என்பதுமே இக்கட்டுரையின் துணிபு.

பூர்வோத்தரங்களைத் தேடிப் போனால் 1980களின் ஆரம்பம் வரை போகலாம். ஜப்பானிய ஐரெம் கம்பெனி 1982இல் வெளியிட்ட 'மூன் பட்ரோல்' ஆட்டத்தில் சந்திர மண்டலத்து வண்டி நிற்காமல் உருண்டோடும். பள்ளம் வந்தால் தாண்டவேண்டும். மறு வருஷம் வந்த 'பி. சி.ஸ் குவெஸ்ட் ஃபார் டயர்ஸ்' என்னும் ஆட்டத்தில் ஆதிமனிதன் ஒருவன் கல் சக்கரத்தில் ஏறிக்கொண்டு விரைகிறான். ஆயினும் இவற்றில் வேகத்தைக் கூட்டவும் குறைக்கவும் ஆட்டக்காரனுக்கு உரிமை உண்டு. எய்துவதற்கு ஓர் இலக்கும் உண்டு. முடிவென்பதே இல்லாத, தோல்வி ஒன்றினாலேயே முற்றுப்பெறுகிற ஓட்டம் என்ற கருத்துக்கு இவற்றைத் தூரத்து உறவினர் என்று சொல்லலாமே தவிர, பெற்றோர் என்று சொல்வதற்கில்லை.

பெற்றோர் ஸ்தானம் 'கானபால்ட்'டுக்கே உரியது. அமெரிக்கரான ஆடம் சால்ட்ஸ்மன் 2009ஆம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில், புது மாதிரி விளையாட்டுகளை விரைவாகச் செய்து பார்ப்பதற்கென்று இருந்த ஒரு பரிசோதனைத் திட்டத்துக்காக, சில தினங்களுக்குள்ளாகவே இதைச் செய்து முடித்தார். அந்த மாதத்துக்குக் கொடுக்கப்பட்ட பொருள் 'மிகக் குறைந்தபட்சம்' என்பது. அதை அவர் எழுத்துப் பிசகாமல் எடுத்துக்கொண்டார். சாம்பல் நிறத்தின் சில சாயல்களே வர்ணம். ஒரே பொத்தானே ஆட்டம். அந்தப் பொத்தானுக்கும் தாவுதல் என்ற ஒரே தொழில். கோட்டணிந்த ஒருவன் அலுவலகத் தாழ்வாரம் ஒன்றில் ஓடத் தொடங்கி, ஜன்னலை உடைத்துக்கொண்டு வெளியே பாய்ந்து, மாடிக்கு மாடி தாவிக்கொண்டே போகிறான்; பின்னணியில் இராட்சத இயந்திரங்கள் நகரத்தை அழித்துக்கொண்டிருக்கின்றன; காலடி ஓசை கேட்டுப் புறாக்கள் கலைந்து பறக்கின்றன; டேனி பரனோவ்ஸ்கியின் இசை நெஞ்சுத்துடிப்பைக் கூட்டுகிறது. அவன் யார், ஏன் ஓடுகிறான் என்பதற்கு ஒரு வரி விளக்கமும் கிடையாது.

இந்த எளிமைக்குள் நுட்பம் ஒளிந்திருக்கிறது. ஓடுபவனுடைய வேகம் கணத்துக்குக் கணம் ஏறிக்கொண்டே போகும். கட்டடங்களோ முன்கூட்டி வரைந்து வைக்கப்பட்டவை அல்ல, அவ்வப்போது கணக்கிட்டுச் சிருஷ்டிக்கப்படுபவை. அடுத்த மாடிக்கு இடைவெளி எவ்வளவு என்பதை, அந்தக் கணத்தில் அவன் என்ன வேகத்தில் ஓடுகிறானோ அதைக்கொண்டே நிரல் நிர்ணயிக்கிறது. ஆகையால் தாண்டவே முடியாத பள்ளம் வந்து நியாயமின்றி ஆட்டக்காரனைத் தோற்கடிப்பதில்லை. மாடியில் கிடக்கும் பெட்டிகளில் தடுக்கினால் வேகம் குறையும். புதியவனுக்கு அது தண்டனை. தேர்ந்தவனோ, வேகம் கைமீறிப் போகும் சமயம் பார்த்து வேண்டுமென்றே தடுக்கிக்கொள்கிறான். ஒரே பொருள் இருவருக்கு இரு வேறு விதமாகப் பயன்படுவது போன்ற சிக்கனம், பின்னர் வந்த பகட்டான ஆட்டங்கள் பலவற்றில் காணக் கிடைக்காத ஒன்று. நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் 2012இல் முதன்முதலாகப் பதினான்கு கணினி விளையாட்டுகளைத் தன் சேகரிப்பில் சேர்த்தபோது, 'பாக்மேன்', 'டெட்ரிஸ்' ஆகிய பிதாமகர்களோடு இச்சிறு ஆட்டத்துக்கும் இடம் கொடுத்தது தகுதியறிந்து செய்த காரியமே.

இனி டெம்பிள் ரன்னை உருவாக்கிய இமாங்கி ஸ்டூடியோஸின் கதைக்கு வருவோம். 2008 ஜூலையில் ஆப்பிள் கம்பெனி ஆப் ஸ்டோரைத் திறந்தது. அதுவரை விளையாட்டு ஒன்றைக் கடைக்குக் கொண்டுவர வேண்டுமானால் பதிப்பாளர், விநியோகஸ்தர், பெட்டி, அலமாரி என்று எத்தனையோ வாசல்களைத் தாண்டவேண்டியிருந்த நிலைமை மாறி, வீட்டில் இருந்தபடியே எழுதி நேரே உலகத்துக்கு விற்கும் வழி பிறந்தது. அந்த வழியில் முதல் வருஷமே அடியெடுத்து வைத்தவர்களில், இமாங்கியை நிறுவிய கீத் ஷெப்பர்ட், நடாலியா லக்கியனோவா என்னும் நிரலாளத் தம்பதியர் இருந்தார்கள். முதலில் ஒரு சொல் விளையாட்டு. பிறகு பனிச்சறுக்கு வண்டி ஒன்று. பிறகு கப்பல்களுக்கு விரலால் வழி வரைந்து துறைமுகத்தில் கொண்டு சேர்க்கும் 'ஹார்பர் மாஸ்டர்'. இந்தக் கடைசி ஆட்டம் 2009இல் நன்றாகவே போயிற்று. ஓவியர் கிரில் சாங்கொவும் அவர்களோடு சேர்ந்துகொண்டார். அமெரிக்காவின் வட கரோலினா மாகாணத்து ராலி நகரம் அவர்களுடைய ஸ்தலமாயிற்று.

'ஹார்பர் மாஸ்டர்' தந்த வருவாயும் தைரியமும் அவர்களை 'மாக்ஸ் அட்வெஞ்சர்' என்ற பெரிய முயற்சியில் இறக்கின. சிறுவன் ஒருவன் வேற்றுக்கிரக வாசிகளோடு போரிடும் இந்த ஆட்டத்தில், கண்ணாடித் திரையின் இரு மூலைகளிலும் இரண்டு பொய்க் கைப்பிடிகள் வரையப்பட்டிருக்கும். இடது கட்டைவிரல் நடத்தவும், வலது கட்டைவிரல் சுடவும் வேண்டும். நெடுநாள் உழைத்து 2010இல் வெளியிட்ட இந்த ஆட்டம் பட்ட பாட்டுக்குத் தக்க பலன் தரவில்லை. காரணம் ஆராய்வார்க்கு அது எளிதில் புலப்படும். மெய்யான கைப்பிடிக்கு மேடு உண்டு, பள்ளம் உண்டு. விரல் தடவிப் பார்த்தே தன் இடத்தை அறியும். வழுவழுத்த கண்ணாடியிலோ விரல் நழுவிப்போனது ஆட்டக்காரனுக்குத் தெரியாது. வீரன் சுவரில் முட்டிக்கொண்டு நின்ற பிறகுதான் தெரியும். போதாக்குறைக்கு, ஆட்டம் நடக்கும் திரையையே அவன் கட்டைவிரல்கள் மறைத்துக்கொண்டிருக்கும். பழைய இயந்திரத்தின் அங்கத்தைப் புதிய இயந்திரத்தின்மேல் ஒட்டவைத்ததால் நேர்ந்த விபரீதம் இது. அக்காலத்தில் எத்தனையோ கம்பெனிகள் இதே பிழையைச் செய்தன. அவற்றில் பல, பிழை என்று உணராமலே செய்துகொண்டிருந்தன.

இமாங்கியார் உணர்ந்தார்கள். தொடுதிரையில் இயல்பாக வரக்கூடிய செய்கை எதுவோ அதிலிருந்தே அடுத்த ஆட்டத்தை ஆரம்பிப்பதென்று முடிவு செய்தார்கள். திரையின்மேல் எந்த இடத்திலும் விரலை வலப்புறமோ இடப்புறமோ இழுத்துவிட்டால் போதும், வீரன் அந்தப் பக்கம் நேர்கோணத்தில் திரும்பிவிடுவான். கைப்பிடி வேண்டாம், குறிபார்க்க வேண்டாம். ஆனால் நடப்பதையும் நிற்பதையும் எதைக்கொண்டு நடத்துவது? அதற்கும் ஒரு செய்கை வைத்தால் மறுபடி பழைய சிக்கலுக்கே திரும்பவேண்டிவரும். ஆகவே நிற்கும் உரிமையையே எடுத்துவிட்டார்கள். கானபால்ட் ஓட்டக்காரனைப் பக்கவாட்டில் நின்று பார்த்தோம். இங்கே அவன் முதுகுக்குப் பின்னால் நின்று, அவனோடு சேர்ந்து முப்பரிமாண வெளிக்குள் ஓடுகிறோம். இந்த ஸ்தான மாற்றம் சாமானியமானதன்று. பக்கவாட்டில் பார்க்கும்போது வரப்போகும் பள்ளம் ஒரு கணக்கு; எதிரே பார்க்கும்போது அது ஒரு பயம்.

ஆட்டத்தின் அமைப்பைச் சற்று அருகில் நின்று கவனிப்பது பயனுள்ளது. விரலை மேலே இழுத்தால் தாவல், கீழே இழுத்தால் தரையோடு சறுக்கல், பக்கத்தில் இழுத்தால் திருப்பம். கைப்பேசியையே சற்றுச் சாய்த்தால் வீரன் பாதையின் ஓரத்துக்கு ஒதுங்கி அங்குள்ள நாணயங்களைச் சேகரிப்பான். கல் மதில், மரப் பலகைப் பாலம், மண் தடம் என்று சிறு சிறு துண்டுகளாகச் செய்யப்பட்ட பாதை, ஒவ்வோர் ஆட்டத்திலும் புதிய வரிசையில் கோக்கப்படுவதால் மனப்பாடம் செய்வதற்கு இடமில்லை. வேர் தடுக்கி ஒருமுறை இடறினால் துரத்துபவை நெருங்கிவரும். அவை விலகுமுன் மறுமுறை இடறினால் பிடித்துக்கொள்ளும். இந்த ஒற்றை மன்னிப்பில்தான் ஆட்டத்தின் ரசமே இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். முதல் பிழையிலேயே முடிந்துபோகும் ஆட்டம் கோபத்தையும், எத்தனை பிழையையும் பொறுக்கும் ஆட்டம் சலிப்பையும் தரும். டெம்பிள் ரன்னோ முதுகுக்குப் பின்னால் மூச்சு விடும் அபாயத்தைக் காட்டி எச்சரித்துவிட்டு, ஒரு சந்தர்ப்பம் தருகிறது.

ஓடுவதற்கு ஒரு காரணம் வேண்டுமே, அதற்காக வந்ததுதான் கோயில். காட்டு நடுவே பாழடைந்த ஆலயத்திலிருந்து கை டேஞ்சரஸ் என்னும் சாகசக்காரன் ஒரு பொற்சிலையைத் திருடிக்கொண்டு ஓடிவர, கறுத்த பேய்க்குரங்குகள் அவனைத் துரத்துகின்றன. 1981இல் வந்த ஹாலிவுட் படத்தின் இந்தியானா ஜோன்ஸ் இதற்கு மூலபுருஷன் என்பதை மறைக்க அவர்கள் சிரமப்படவில்லை. பின்னால் வாங்கக்கூடிய பாத்திரம் ஒன்றுக்கு மொன்டானா ஸ்மித் என்றே பெயர் வைத்தார்கள். தெய்வமும் இல்லை, பக்தரும் இல்லை, கோபங்கொண்ட காவல் மட்டும் உண்டு; இதைக் கோயில் என்று நம்மவர் ஒப்புக்கொள்வது கஷ்டம். எந்த தேசத்துக்கும் உரியதல்லாத அந்தக் காடு, எல்லா தேசத்துச் சிறுவரும் விளக்கமின்றிப் புரிந்துகொள்ளத்தக்கதாக இருந்தது என்பதை மட்டும் மறுப்பதற்கில்லை.

2011 ஆகஸ்டு 4ஆம் தேதி 99 சென்ட் விலையில் ஆட்டம் வெளிவந்தது. விமர்சகர்கள் மெச்சினார்கள், சிறிது காலம் நன்கு விற்றது, பிறகு பட்டியலில் இறங்கத் தொடங்கியது. சரித்திரகாரன் இங்கே சற்று நிற்கவேண்டும், ஏனெனில் கலை முடிந்து வியாபாரம் தொடங்கும் இடம் இது. இலவச ஆட்டங்களுக்குள்ளும் பொருள்களை விற்கலாம் என்று ஆப்பிள் 2009 அக்டோபரிலேயே அனுமதித்திருந்தது. இமாங்கியார் செப்டம்பரில் விலையை அடியோடு நீக்கினார்கள். ஓடிச் சேர்க்கும் நாணயங்களாலேயே புதிய பாத்திரங்களையும் சக்திகளையும் பெறலாம், பொறுமை இல்லாதவர் காசு கொடுத்து நாணயம் வாங்கலாம் என்ற ஏற்பாடு ஆட்டத்தில் ஏற்கெனவே இருந்தபடியால் இந்த மாற்றத்துக்கு அது வளைந்து கொடுத்தது. எத்தனை மீட்டர் ஓடினாய் என்று நண்பர்கள் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளத் தொடங்க, அவ்வருஷக் கடைசிக்குள் பதிவிறக்கப் பட்டியல்களின் உச்சிக்கு அது ஏறிவிட்டது.

அதன் பிறகு நடந்தவை எண்களின் கதை. 2012 மார்ச் 27இல் ஆண்ட்ராய்டுக்கு வந்தபோது மூன்று தினங்களுக்குள் 10 லட்சம் பதிவிறக்கங்கள். அவ்வருஷம் ஜூனில் டிஸ்னியின் 'பிரேவ்' திரைப்படத்துக்காக ஒரு தனிப் பதிப்பு. 2013 ஜனவரியில் 'டெம்பிள் ரன் 2', பதின்மூன்று நாட்களில் 5 கோடி. 2014 நடுவில் இவ்வரிசை முழுவதும் சேர்ந்து 100 கோடியைத் தாண்டியது. பெரிய கம்பெனி எதற்கும் தங்களை விற்றுவிடாமல், சிறு குழுவாகவே இருந்து இதைச் செய்தார்கள் என்பது குறிப்பிடத்தக்கது.

இவ்வேளையில் டென்மார்க்கில் இணையான ஒரு முயற்சி வேறொரு வழியில் நடந்துகொண்டிருந்தது. வீபோர் நகரத்து அனிமேஷன் பள்ளியில் பயின்ற சில்வெஸ்டர் ரிஷோய் யென்சன், போடி யான்-முல்லினர் என்ற இருவர், ரயில்பெட்டிகளில் சித்திரம் தீட்டும் இளைஞர்களைக் கொண்டு 'ட்ரெயின்பாமிங்' என்னும் குறும்படம் எடுத்தவர்கள். அதன் உலகத்தையே விளையாட்டாக்கி, ஆர்ஹூஸ் நகரத்துக் கீலூ கம்பெனியுடன் சேர்ந்து, அவர்களது சைபோ நிறுவனம் 2012 மே மாதம் 'சப்வே சர்ஃபர்ஸ்' ஆட்டத்தை வெளியிட்டது. ஜேக் என்ற சிறுவன் தண்டவாளங்களில் ஓட, பருத்த இன்ஸ்பெக்டரும் அவருடைய நாயும் துரத்துகிறார்கள். அமெரிக்கர் வைத்திருந்த திருப்பத்தையும் சாய்வையும் இவர்கள் எடுத்துவிட்டு, மூன்றே தடங்களுக்குள் ஆட்டத்தை அடக்கினார்கள்; ஒரு கையால், பேருந்தில் நின்றபடி ஆடுவதற்கு அது ஏற்றதாயிற்று. பேய்க்குரங்கின் பீதி போய், வெயிலும் வர்ணமும் வந்தன. 2013 ஜனவரியில் நியூயார்க்கில் தொடங்கிய 'வேர்ல்ட் டூர்' என்னும் ஏற்பாட்டின்படி சில வாரங்களுக்கு ஒருமுறை ஆட்டம் ஒரு புதிய நகரத்துக்குக் குடிபெயர்ந்தது, மும்பைக்கும் வந்தது. 2018இல் கூகுள் பிளேயில் 100 கோடி பதிவிறக்கம் கண்ட முதல் விளையாட்டு என்ற பெயரும் அதற்குக் கிடைத்தது.

இரண்டையும் சீர்தூக்கின், கண்டுபிடிப்பின் பெருமை டெம்பிள் ரன்னுக்கும், மெருகின் பெருமை சப்வே சர்ஃபர்ஸுக்கும் உரியது என்பேன். இரண்டின்மீதும் ஒரு குறையும் உண்டு. விழுந்த இடத்திலேயே எழுந்து ஓட டெம்பிள் ரன் 2 ரத்தினக் கல் கேட்கிறது, ஒரே ஓட்டத்தில் அடுத்தடுத்து விழுந்தால் இரட்டித்துக் கேட்கிறது; சப்வே சர்ஃபர்ஸ் அதே காரியத்துக்குச் சாவி கேட்கிறது. தோல்வியையே அலங்காரமாகக் கொண்ட ஒரு கலைவடிவத்தில் தோல்வியை விலைகொடுத்துத் தள்ளிப்போடும் வழி வைத்தது, கானபால்ட் காட்டிய கண்டிப்பிலிருந்து இறங்கிவந்த படியேயாகும்.

ஆராய்ச்சியாளர் கவனத்துக்கு ஒரு விஷயம் சொல்லவேண்டியிருக்கிறது. கானபால்ட் எழுதப்பட்ட ஃபிளாஷ் தொழில்நுட்பத்துக்கு அதன் உரிமையாளர்கள் 2020 கடைசியோடு ஆதரவை நிறுத்திவிட்டார்கள். 2017இல் வந்த ஐஓஎஸ் 11 முதல், பழைய 32-பிட் செயலிகள் புதிய ஐபோன்களில் இயங்குவதில்லை. இலவசமாகும் முன் 99 சென்டுக்கு விற்கப்பட்ட, டெம்பிள் ரன்னின் 2011 ஆகஸ்டுப் பதிப்பைத் திறந்து பார்க்க விரும்பும் மாணவன், அக்காலத்துக் கைப்பேசி ஒன்றைத் தேடித்தான் பிடிக்கவேண்டும். பழைய சுவடிக்கும் பழைய திரைப்படத்துக்கும் காப்பகம் வைத்திருக்கும் நூலகங்களும் பல்கலைக்கழகங்களும், இவற்றை ஆக்கியோர் நம்மிடையே இருக்கும்போதே அவர்களுடைய வாக்குமூலங்களைப் பதிவுசெய்து, பழைய பதிப்புகளை அவை இயங்கும் கருவிகளோடு சேர்த்துச் சேகரித்து வைக்க முன்வரவேண்டும்.