கோச்சி வராத ஊரில் ஓடிய கோச்சி

கைத்தொலைபேசி விளையாட்டுக்கு வரலாற்றுக் கட்டுரையா என்று நண்பர்கள் நகைக்கக்கூடும். பேசாலையில் உறவினர் வீட்டுத் திண்ணையில், கண்ணாடி கீறிய பழைய தொலைபேசியில் ஓர் இளைஞர் விளையாடக் கண்ட பின்னரே இதை எழுதத் தோன்றியது. அது 'சப்வே சர்ஃபர்ஸ்' விளையாட்டின் பழைய பதிப்பு. புதியதை ஏற்ற அக்கருவியில் இடமில்லை. அவருக்கு மனமும் இல்லை.

டென்மார்க்கின் கிலூ, சைபோ ஆகிய இரு நிறுவனங்கள் 2012 மே மாதம் அதனை வெளியிட்டன. 2009 இல் 'கனபால்ட்', 2011 இல் 'டெம்பிள் ரன்' ஆகியவை அமைத்த வழி அது. இவ்வகை விளையாட்டில் வீரன் தானாகவே ஓடுவான். இடம் வலம் மாற்றுவது, குதிப்பது, குனிவது மட்டுமே நம் விரலின் வேலை. நிரல் முன்னால் பாதையைத் துண்டுதுண்டாக அமைத்து, கடந்ததை நீக்கிக்கொண்டே செல்லும்; வேகமும் கூடும். வெற்றிக்கோடு கிடையாது. மோதி விழும்வரை ஓடிய தூரமே கணக்கு. 2013 ஜனவரியில் நியூயோர்க்கில் தொடங்கி, புதுப்பிப்புத்தோறும் ஒரு நகரம் களமாயிற்று. புதிய நகரம் வந்ததும் முந்தியது மறைந்தது.

பரிசோதகரும் நாயும் துரத்த, ரயில்களுக்கு இடையே தண்டவாளத்தில் ஒரு சிறுவன் ஓடுவதுதான் கதை. அது வெளிவந்தபோது பேசாலையில் புகையிரதம் நின்று 22 ஆண்டுகள் ஆகியிருந்தன.

தலைமன்னார்ப் பாதை 1914 இல் திறக்கப்பட்டது. சென்னையிலிருந்து தனுஷ்கோடிக்கு ரயில், அங்கிருந்து கப்பல், தலைமன்னாரிலிருந்து கொழும்புக்கு மீண்டும் ரயில் என்ற 'போட் மெயில்' பயணத்தின் ஒரு கண்ணி பேசாலை. 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழித்தது. பின்னர் இராமேசுவரத்திலிருந்து ஓடிய கப்பலும் 1980களில் நின்றது. 1990 இல் போர் புகையிரதத்தையும் நிறுத்தியது. அவ்வாண்டு இக்கரையிலிருந்து படகேறி இராமேசுவரம் சென்றோர் பலர். அவர்களுடைய ஓட்டத்துக்கும் வெற்றிக்கோடு இருக்கவில்லை. வடக்கில் தண்டவாளங்களும் சிலிப்பர்க் கட்டைகளும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின.

இந்தியக் கடனுதவியுடன் இர்கொன் நிறுவனம் மீளமைத்த பாதையில், 2015 மார்ச் 14 அன்று தலைமன்னாரில் இந்தியப் பிரதமர் நரேந்திர மோடி சேவையைத் தொடக்கி வைத்தார்.

ஆக, இடைப்பட்ட கால் நூற்றாண்டில் ஊரிலேயே வளர்ந்த பிள்ளை, வீட்டு வாசலில் கோச்சியைக் கண்டதில்லை. திண்ணை இளைஞரும் அவர்களில் ஒருவர். அவர் முதலில் கண்ட கோச்சி அந்தச் சிறு திரையில் ஓடியது; அதனால்தான் அந்தப் பதிப்பை அழிக்காமல் வைத்திருக்கின்றார். உள்ளே அமர்ந்திருந்த அவருடைய பாட்டியாருக்கோ, கோச்சி என்றால் கப்பலுக்குப் போகும் வண்டிதான். ஒரே வீட்டில் இரண்டு பழைய பதிப்புகள்.

பிள்ளைகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஊர்த் தண்டவாளம் இப்போது விளையாட்டுக் களமன்று. அதில் மெய்யான கோச்சி வருகின்றது. மோதினால் மீண்டும் தொடங்க அங்கே பொத்தான் இல்லை. பெரியவர்களுக்கும் ஒன்று. பாட்டியாரின் பதிப்பைச் சேமிக்க எந்தக் கருவியும் இல்லை. கேட்டு எழுதிவைத்தால்தான் உண்டு.