ஃபன் கேலரி

ஃபன் கேலரி என்பது நியூயார்க் நகரில், மன்ஹாட்டனின் ஈஸ்ட் வில்லேஜ் வட்டாரத்தில் 1981 முதல் 1985 வரை இயங்கிய தனியார் ஓவியக்கூடம். ரயில் பெட்டிகளிலும் சுவர்களிலும் ஸ்ப்ரே பெயின்டால் வரைந்துவந்த இளைஞர்களுக்குத் தனிநபர் கண்காட்சிகள் நடத்தியதே இதன் பெருமை.

சிறு முதலீட்டுப் படங்களில் நடித்துவந்த பேட்டி ஆஸ்டரும் அவருடைய கூட்டாளி பில் ஸ்டெல்லிங்கும் இதைத் தொடங்கினர். வாடகை மலிவாக இருந்த அப்பகுதியில் கிடைத்தது ஒரு சிறிய கடையிடம். கண்காட்சி வைக்கும் ஓவியரே கூடத்துக்குப் பெயரும் சூட்டலாம் என்பது முதல் ஏற்பாடு. கென்னி ஷார்ஃப் ‘ஃபன்’ என்று வைத்தார். அடுத்து வந்த ஃபேப் ஃபைவ் ஃபிரெடி ‘சீரியஸ்’ என்று மாற்ற விரும்பினாராம்; பெயர் மாற்றும் செலவுக்குக் காசில்லாததால் பழைய பெயரே நிலைத்துவிட்டது.

அதுவரை ஸ்ப்ரே பெயின்ட் ஓவியர்களைப் பெரும்பாலும் ஒரே கூட்டமாகத்தான் காட்சிக்கு வைத்தார்கள். ஃபன் கேலரியோ ஒவ்வொருவரின் கைவண்ணத்தையும் பிரித்துக் காட்டியது. ரயில் பெட்டிகளில் வரைந்து பெயர்பெற்ற டோண்டி வொயிட் 1982இல் இங்கே தனிக் கண்காட்சி நடத்தினார். லீ கினோனெஸ், ஃபியூச்சுரா 2000 ஆகியோரின் ஓவியங்களும் இங்கே காட்சிக்கு வந்தன. திறப்பு நாள்களில் பிராங்ஸ், புரூக்ளின் இளைஞர்களும் பணக்காரச் சேகரிப்பாளர்களும் ஒரே இடத்தில் முண்டியடித்தார்கள்.

ஜான்-மிஷேல் பாஸ்கியா (1982), கீத் ஹாரிங் (1983) ஆகிய ஓவியர்களின் கண்காட்சிகளே இன்று அதிகம் பேசப்படுகின்றன. அவர்களைக் கண்டெடுத்தது ஃபன் கேலரி என்பது மிகை. இருவரும் அதற்கு முன்பே சோஹோவின் பெரிய கூடங்களில் தனிக் கண்காட்சி நடத்தியவர்கள். அந்தப் பெயரோடுதான் இந்தச் சிறு கூடத்துக்கு வந்தார்கள்.

ஆஸ்டர் நிருபராக நடித்த ‘வைல்ட் ஸ்டைல்’ (1983) திரைப்படம் ஸ்ப்ரே பெயின்ட் ஓவியர்களின் உலகத்தைப் பிற நாடுகளுக்கும் கொண்டுசென்றது. இதற்கிடையே ஈஸ்ட் வில்லேஜில் ஓவியக்கூடங்கள் பெருகின, வாடகையும் ஏறியது. தான் கவனம் தேடித்தந்த வட்டாரத்திலேயே கட்டுப்படியாகாமல் ஃபன் கேலரி 1985இல் மூடப்பட்டது. லாஸ் ஏஞ்சல்ஸின் தற்காலக் கலை அருங்காட்சியகம் 2011இல் நடத்திய தெருக்கலைக் கண்காட்சியில் இக்கூடத்துக்கென ஒரு பகுதி ஒதுக்கப்பட்டது. ஆஸ்டர் 2024இல் காலமானார்.