மேசைக்குப் பின்னால் நிற்பவர்: தாம்பரம் வட்டாரத்தில் ஹிப்ஹாப் டிஜேயின் தொழில்வாழ்வு

ஹிப்ஹாப் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் 1973 ஆகஸ்ட் 11 அன்று தொடங்குவர். நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில், 1520 செட்ஜ்விக் அவென்யூ என்ற அடுக்ககத்தில் நடந்த விருந்தில் கிளைவ் கேம்ப்பெல் என்கிற கூல் ஹெர்க் இசைத்தட்டுகளைச் சுழற்றினார். ஜமைக்காவில் பிறந்து சிறுவயதில் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர் அவர். ஒரே இசைத்தட்டின் இரு பிரதிகளை இரு சுழல்மேசைகளில் வைத்து, குரல் நின்று தாளம் மட்டும் ஒலிக்கும் சில நொடிப் பகுதியை மாறி மாறி ஓட்டி நீட்டினார். ஆடுவோர் காத்திருந்தது அந்தப் பகுதிக்காகத்தான். ஒலிவாங்கியில் பேசியவர் டிஜேக்குத் துணையாக நின்றவர் மட்டுமே. அந்த வரிசை குழுப் பெயர்களிலும் பதிந்தது. 'கிராண்ட்மாஸ்டர் ஃபிளாஷ் அண்ட் தி ஃபியூரியஸ் ஃபைவ்', 'எரிக் பி. அண்ட் ராக்கிம்', 'டிஜே ஜாஸி ஜெஃப் அண்ட் தி ஃபிரெஷ் பிரின்ஸ்' ஆகிய மூன்றிலும் தட்டைச் சுழற்றியவர் பெயர் முன்னே வருகிறது, பாடியவர் பெயர் பின்னே வருகிறது.

தமிழ் ஹிப்ஹாப்பில் இந்த வரிசை தலைகீழானது. டிஜே என்ற நிலையிலிருந்து இசை உருவாக்குநராக வளர்கிற பாதை அமெரிக்காவில் இந்தக் கலையின் முதுகெலும்பு. சென்னையின் தென்புறநகரில் அந்தப் பாதை துண்டுதுண்டாகக் கிடக்கிறது. திறமைக் குறைவு இதற்குக் காரணமன்று. அமெரிக்காவில் ஒரே ஆளிடம் சேர்ந்திருந்த மூன்று வேலைகளை இங்கே மூன்று தனித்தனித் தொழில்கள் முன்பே பங்கிட்டுக்கொண்டுவிட்டன. பாட்டைத் தேர்ந்து ஊருக்கு ஒலிக்கச் செய்வது ரேடியோ செட்காரரிடமும், தாளத்தை அடுக்கிக் கட்டுவது திரையிசைக் கூடத்தின் புரோகிராமரிடமும், மேடைப்புகழ் பாடகரிடமும் போய்ச் சேர்ந்தன. இதுவே இக்கட்டுரையின் வாதம்.

முதலில் ரேடியோ செட்காரர். தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரம், மேடவாக்கம் எங்கும் 'சவுண்ட் சர்வீஸ்' பலகை தொங்கும் கடைகளைக் காணலாம். ஆடி மாதம் அம்மன் கோயிலில் கூழ் வார்க்கும் நாளில் விடியற்காலையிலேயே செட் கட்டப்பட்டுவிடும். சீர்காழி கோவிந்தராஜன் குரலில் விநாயகர் பாட்டு முதலில் வரும். வெயில் ஏறும்போது எல். ஆர். ஈஸ்வரியின் அம்மன் பாடல்கள் வரும். கரகம் கிளம்பும் வேளையில் எந்தப் பாட்டு, சாமி வந்து ஆடுபவர் தளரும்போது எந்தப் பாட்டு, சாப்பாட்டுப் பந்தியில் எந்தப் பாட்டு என்பதெல்லாம் அவர் முடிவு. கூட்டத்தின் மூச்சை அளந்து ஒலியை ஏற்றி இறக்கத் தெரிந்தவர் அவர். அமெரிக்க இசையியலாளர் பால் கிரீன் தமிழகக் கிராமம் ஒன்றின் ஒலியமைப்பாளர்களைப் பற்றி 1999இல் 'எத்னோமியூசிகாலஜி' இதழில் எழுதிய ஆய்வு, கேசட்டை ஒலிக்கச் செய்வதையே ஒரு வழிபாட்டு நிகழ்த்துதலாகக் கொள்கிறது. பதிவான இசையைத் தேர்ந்து அடுக்குவது ஒரு கலைச்செயல் என்று நம் ஊரை வைத்து நிறுவிய எழுத்து அது. தமிழ் ஆய்வுலகம் அதைப் போதிய அளவு தொடரவில்லை என்பது என் மனக்குறை.

ஹெர்க் ஜமைக்காவின் தெருவோர ஒலிபெருக்கி மரபின் வாரிசு. கிங்ஸ்டன் தெருக்களில் பெரிய பெட்டிகளை அடுக்கி, ஊரைக் கூட்டி, போட்டியாளரை ஒலியால் வெல்ல முயன்ற மரபு அது. நம் திருவிழாக்களின் மைக் செட் மரபு அதற்கு எவ்விதத்திலும் குறைந்ததன்று. ஆக, டிஜே தோன்றுவதற்கான மண் தாம்பரத்திலும் இருந்தது. இல்லாமற்போனது சுழல்மேசை. டெக்னிக்ஸ் நிறுவனத்தின் எஸ்எல்-1200 சுழல்மேசை 1972இல் வெளிவந்தபோது, இங்கே இறக்குமதி உரிமமும் சுங்கவரியும் அப்படிப்பட்ட கருவிகளைச் சாமானியரின் கைக்கு எட்டாத தூரத்தில் வைத்திருந்தன. 1980களில் கேசட் இசைத்தட்டை ஓரங்கட்டியது. கேசட்டில் ஒரு தாளத்துண்டை விரலால் பிடித்துப் பின்னிழுத்து மறுபடி ஓட்ட முடியாது. தேர்ந்தெடுக்கலாம், அடுக்கலாம், அளவைக் கூட்டிக் குறைக்கலாம், அவ்வளவுதான். செட்காரரின் கலை அந்த எல்லையிலேயே நின்றுவிட்டது. பாட்டைத் திறந்து அதன் உள்ளே புகும் வழி அவருக்கு அமையவில்லை.

பாட்டின் உள்ளே புகுந்தவர்கள் கோடம்பாக்கத்திலும் சாலிகிராமத்திலும் இருந்தார்கள். 1980களின் நடுவிலிருந்து தாளப்பொறியும் சீக்வென்சரும் திரையிசைக்குள் வந்தன. அவற்றை இயக்கியவர்களை இசையுலகம் புரோகிராமர் என்று அழைத்தது. சுரேஷ் பீட்டர்ஸ் இந்தத் தலைமுறையின் முக்கியமான பெயர். பின்னாளில் இசையமைப்பாளரான ஏ. ஆர். ரஹ்மானும் தாளக்கலைஞர் சிவமணியும் இருந்த 'ரூட்ஸ்' குழுவில் இருந்தவர். 1993இல் 'ஜென்டில்மேன்' படத்தின் 'சிக்குபுக்கு ரயிலே' பாடலிலும், 1994இல் 'காதலன்' படத்தின் 'பேட்டை ராப்' பாடலிலும் அவர் குரல் ஒலித்தது. 'பேட்டை ராப்' பாடலில் தேனி குஞ்சரம்மாளும் ஷாகுல் ஹமீதும் உடன் பாடினர். ராப் என்ற சொல் தமிழ்நாட்டின் தேநீர்க்கடை வரை போய்ச் சேர்ந்தது அந்தப் பாட்டால்தான். ஒரு நாட்டுப்புறப் பாடகியின் குரலையும் தாளப்பொறியையும் ஒரே பாட்டில் நிறுத்திய அந்தத் துணிச்சல் இன்னமும் உரிய ஆய்வைப் பெறவில்லை. ஆனால் ராப் இங்கே தெருவிருந்திலிருந்து ஒலிக்கூடத்துக்குப் போகவில்லை. ஒலிக்கூடத்திலிருந்து தெருவுக்கு இறங்கியது. எனவே தாளம் கட்டியவர் முதலிலிருந்தே இசையமைப்பாளர் என்ற பெரிய பெயரின் நிழலில் கூலிக்கு வேலை செய்பவராக இருந்தார். இந்த வழக்கத்துக்கு ரஹ்மான் ஒரு விலக்கு. தம் கேசட் உறைகளில் வாத்தியக்காரர்களின் பெயர்களை அச்சிட்ட அவரது பழக்கம் பின்வந்தோருக்கு ஒரு தொழில் உரிமையைக் கற்றுக்கொடுத்தது.

திரைக்கு வெளியே முழு ஆல்பமாகத் தமிழ் ஹிப்ஹாப் எழுந்தது மலேசியாவில். 'பொயட்டிக் அம்மோ' குழுவில் பெயரெடுத்த யோகி பி, நட்சத்ரா குழுவோடு 2006இல் 'வல்லவன்' ஆல்பத்தை வெளியிட்டார். 'நிழல்கள்' (1980) படத்துக்கு இளையராஜா இசையமைத்த 'மடை திறந்து' பாடலின் மேல் கட்டப்பட்ட பாட்டே அதில் பெரிதும் பரவியது. பழைய பதிவு ஒன்றைக் கேட்டு, அதன் நெஞ்சைப் பற்றி, புதிய தலைமுறையின் பேச்சுக்கு அடித்தளமாக்குவது டிஜேயின் ஆதி வேலை. அதைத் தமிழில் பெருந்திரளுக்குச் செய்துகாட்டியது கோலாலம்பூர் தலைமுறை. சென்னைத் திரையுலகம் உடனே யோகி பியை அழைத்துக்கொண்டது. 'பொல்லாதவன்' (2007) படத்தில் 'எங்கேயும் எப்போதும்' மறுவடிவத்தில் அவர் குரல் வந்தது. அழைக்கப்பட்டது குரல் மட்டும் என்பதைக் கவனிக்க வேண்டும்.

கோவையிலிருந்து வந்த ஹிப்ஹாப் தமிழா இன்னும் தெளிவான சான்று. ஆதி, ஜீவா என்ற இருவரின் பெயர் அது. 2012இல் 'ஹிப்ஹாப் தமிழன்' ஆல்பம், 2015இல் 'ஆம்பள', அதே ஆண்டில் 'தனி ஒருவன்' என இருவரும் சேர்ந்து இசையமைப்பாளர்கள் ஆனார்கள். ஆனால் 'ஹிப்ஹாப் தமிழா யார்' என்று கேட்டால் இன்றும் பெரும்பாலோர் ஆதி ஒருவரையே சொல்வார்கள். அமெரிக்காவில் எரிக் பி.யின் பெயர் முன்னே நிற்க, இங்கே இருவர் பெயரை ஒருவர் முகம் மூடிவிடுகிறது. பாடும் குரலைச் சுற்றித் தமிழ்த் திரையிசை கட்டியெழுப்பிய பண்பாட்டை அமாண்டா வைட்மன் பின்னணிப் பாடகர் பற்றிய தம் நூலில் (2021) விரிவாக ஆராய்கிறார். அந்தப் பண்பாடு ராப்பரையும் தனக்குள் இழுத்துக்கொண்டது என்பதே என் கணிப்பு.

இனி, தென்புறநகரின் இன்றைய நிலை. 2021இல் தாம்பரம் மாநகராட்சி ஆனது. பல்லாவரம், பம்மல், அனகாபுத்தூர், செம்பாக்கம் முதலியவை அதில் இணைந்தன. கணினியும் ஒரு ஜோடி ஹெட்போனும் இருந்தால் படுக்கையறையே ஒலிக்கூடமாகிவிடும் காலம் இது. 'எஃப்எல் ஸ்டுடியோ' போன்ற மென்பொருள்கள் அந்தக் கதவைத் திறந்துவிட்டன. கிழக்குத் தாம்பரத்தில் சென்னைக் கிறித்தவக் கல்லூரி, குரோம்பேட்டையில் எம்.ஐ.டி., காட்டாங்குளத்தூரில் எஸ்.ஆர்.எம். என்று நீளும் கல்லூரிகளின் கலைவிழாக்கள் ராப்பருக்கும் பீட் கட்டுபவருக்கும் முதல் மேடை. மின்சார ரயில் பெட்டியின் தகரத்தில் தாளம் தட்டிக் கானா பாடிய மாணவத் தலைமுறைகளின் காதும் இந்த வட்டாரத்தில் உண்டு.

மேடை உண்டு, ஊதியம் இல்லை. இங்கே டிஜே என்றால் திருமண வரவேற்புக்கு ஒலி, ஒளியோடு சேர்த்துப் பேசப்படும் ஆள். ஜி.எஸ்.டி. சாலையின் மண்டபங்களில் அவர் ஓட்டுவது பெரும்பாலும் மணமக்கள் வீட்டார் கேட்கும் திரைப்பாட்டு. இரவு 10 மணிக்குமேல் திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது என்கின்றன 2000ஆம் ஆண்டின் ஒலிமாசு விதிகள். குடியிருப்புப் பகுதியின் பகல்நேர வரம்பு 55 டெசிபல். கூம்பு ஒலிபெருக்கிக்குக் காவல்துறை அனுமதி தருவதில்லை. அந்த விதிகளை நான் எதிர்க்கவில்லை. நோயாளியும் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளையும் தூங்கவேண்டும். ஆனால் ஒலிக்கென்று கட்டிய பொது அரங்கு ஒன்றுகூட இல்லாமல் தெருவை மட்டும் மூடினால், இந்தக் கலைக்கு மிஞ்சுவது மண்டபமும் மடிக்கணினியும்தான்.

சட்டம் இந்தத் துண்டிப்பை இன்னும் ஆழமாக்கியது. அமெரிக்காவில் 1991இல் பிஸ் மார்க்கி என்ற ராப்பருக்கு எதிரான தீர்ப்பு, அனுமதியின்றிப் பழைய பதிவை வெட்டி ஒட்டும் பழக்கத்துக்குக் கடிவாளமிட்டது. அதற்குள் அக்கலை அங்கே ஏறத்தாழ 18 ஆண்டுகள் வளர்ந்து, தனக்கென ஓர் அறத்தையும் உருவாக்கிக்கொண்டிருந்தது. ஜோசப் ஷ்லாஸ் எழுதிய 'மேக்கிங் பீட்ஸ்' (2004) அந்த அறத்தின் ஆவணம். தமிழ் இளைஞர் கையில் கருவி வந்தபோதோ அந்தக் கதவு ஏற்கெனவே சாத்தப்பட்டிருந்தது. 2012 திருத்தத்தால் பதிப்புரிமைச் சட்டத்தில் சேர்ந்த 31சி பிரிவு, மறுபாடல் பதிவுக்கு முதற்பதிவு செய்யப்பட்ட ஆண்டு முடிந்து ஐந்தாண்டு காத்திருக்கச் சொல்கிறது. குறைந்தது 50,000 பிரதிகளுக்கான உரிமத்தொகையை முன்கூட்டிக் கேட்கிறது. தொழில்நுட்பத் தேவைக்கு மேல் பாட்டை மாற்றக்கூடாது என்றும் விதிக்கிறது. செம்பாக்கத்து மாடியறையில் பீட் கட்டும் இருபது வயதுக்காரருக்கு இது எட்டாத உயரம்.

அதே சட்டத்தில் அவருக்கு ஒரு புகலிடமும் உண்டு. அது பரவலாக அறியப்படவில்லை. ஒலிப்பதிவின் முதல் உரிமை, அதை முன்னின்று பொறுப்பேற்று எடுத்தவருக்கு, பெரும்பாலும் பணம் போட்டவருக்கு, போகிறது. ஆனால் இசைப்படைப்பின் ஆசிரியர், அதை இசைக்குறிப்பாக எழுதியிருந்தாலும் இல்லாவிட்டாலும், அதை இயற்றியவரே. கணினித் திரையில் கட்டங்களாக அடுக்கிய பீட்டும் இந்த வரையறைக்குள் அடங்கும் என்றே நான் கொள்கிறேன். 2012 திருத்தத்தின்படி, திரைப்படத்தின் பகுதியாக அமையாத ஒலிப்பதிவில் உள்ள இசையின் ஆசிரியர், உரிமத்தொகையில் தமக்குரிய சமபங்கைச் சட்டப்படி வாரிசுக்கோ உரிமச் சங்கத்துக்கோ அன்றி வேறெவருக்கும் விட்டுக்கொடுக்க முடியாது. ஒரே தொகைக்கு எல்லாவற்றையும் எழுதி வாங்கும் ஒப்பந்தம் இந்தப் பங்கைப் பறிக்க இயலாது.

'என்ஜாய் எஞ்சாமி' இந்தச் சிக்கல் முழுவதையும் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது. 2021 மார்ச்சில் மாஜா நிறுவனத்தின் வழியே வெளியான அந்தப் பாட்டு பாடகி தீ, ராப்பர் அறிவு, இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் மூவரின் பெயரோடும் உலகெங்கும் போயிற்று. பிரெஞ்சு டிஜே ஒருவர், டிஜே ஸ்னேக், அதற்கு ரீமிக்ஸ் செய்தார். 2022 ஜூலையில் செஸ் ஒலிம்பியாட் தொடக்கவிழாவில் அறிவு இல்லாமல் பாட்டு மேடையேறியபின் பிணக்கு வெடித்தது. பாட்டை இயற்றி, எழுதி, பாடி, நிகழ்த்தியவர் தாம் என்றார் அறிவு. இசையமைப்பிலும் ஒலிப்பதிவிலும் தம் பங்கைச் சந்தோஷ் நாராயணன் விளக்கினார். 2024 மார்ச்சில், அந்தப் பாட்டால் தமக்கோ மற்றக் கலைஞர்களுக்கோ வருவாய் வரவில்லை என்று அவரே வெளிப்படையாகக் கூறினார். இருவரில் எவர் சொல் சரி என்று தீர்ப்பெழுதுவது இந்தக் கட்டுரையின் வேலையன்று. மெட்டு, சொல், தாளம், பதிவு ஆகியவற்றை யார் செய்தார் என்று தொடக்கத்திலேயே எழுதிவைக்கும் பழக்கம் இத்துறையில் வேரூன்றாததுதான் என் கவலை. இவ்வளவு பெரிய பாட்டுக்கே இந்த நிலை என்றால், பல்லாவரத்தில் பீட் கட்டி ஆயிரம் பேர் கேட்கும் பாட்டுக்குக் கொடுப்பவரின் நிலையைச் சொல்லத் தேவையில்லை.

நல்ல முன்மாதிரிகள் இல்லாமலில்லை. 2019இல் வெளியான 'தெருக்குரல்' ஆல்பம் அறிவு, ஆஃப்ரோ இருவரின் பெயரிலும் வந்தது. பாடியவரும் தாளம் கட்டியவரும் சமமாக நின்ற அட்டை அது. 2018 ஜனவரி 6 அன்று சென்னையில் முதன்முதல் மேடையேறிய காஸ்ட்லெஸ் கலெக்டிவ் குழு, கானாவையும் பறையையும் ராப்பையும் ஒன்றாக்கியபோது, தென்மா என்ற இசை உருவாக்குநரின் பெயர் திரைப்பட இயக்குநர் பா. ரஞ்சித் பெயருக்கு அருகிலேயே நின்றது. ஒடுக்கப்பட்டோர் அரசியலோடு நெருங்கிய குழுக்களில்தான் பெயர் பகிரும் ஒழுக்கம் முதலில் வந்தது என்பது தற்செயலன்று. உழைப்பின் பெயரை அழிப்பது எப்படிப்பட்ட அநீதி என்று அவர்களுக்கு நெடுங்கால அனுபவத்தால் தெரியும்.

இசைத்துறை ஆய்வாளர்களுக்கும் ஆவணக் காப்பாளர்களுக்கும் ஒரு வேண்டுகோள். தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. அச்சுப்பண்பாட்டைக் காத்த அதே அக்கறை, புறநகரின் சவுண்ட் சர்வீஸ்காரர்கள் வைத்திருக்கும் கேசட்டுகளுக்கும் திருவிழாப் பாட்டுப் பட்டியல்களுக்கும், 1990களின் புரோகிராமர்களின் நினைவுகளுக்கும், இன்றைய பீட் உருவாக்குநர்களின் கணினிக் கோப்புகளுக்கும் கிடைக்கவேண்டும். கேசட் நாடா பூஞ்சை பிடிக்கிறது, வன்தட்டு பழுதாகிறது, முதல் தலைமுறைச் செட்காரர்களுக்கு வயதாகிவிட்டது. தாம்பரத்திலும் குரோம்பேட்டையிலும் உள்ள கல்லூரிகளின் ஊடகத்துறை, தமிழ்த்துறை மாணவர்கள் தங்கள் தெருச் சவுண்ட் சர்வீஸ் கடையிலிருந்தே இந்தச் சேகரிப்பை இந்த ஆண்டே தொடங்கலாம்.